கூரைவெள்ளி

பரமார்த்தலிங்கம் முதலாளி வீட்டு மொட்டைமாடிக்கு மேலே கூரைவெள்ளி வந்து நின்ற சாயங்காலம் அளத்தங்கரையில் யாரும் வாயைப் பிளந்துகொண்டு நிற்கவில்லை. உப்பளத்தில் இருந்து திரும்பிக்கொண்டிருந்த பெண்கள் தூக்குவாளியை ஒரு கையில் பிடித்துக்கொண்டு மறு கையை நெற்றிக்குக் கொடுத்து அண்ணாந்து பார்த்தார்கள், டீக்கடைக்காரர் "வந்துட்டுதா" என்று கேட்டுவிட்டு அடுத்த டீயை ஆற்றினார், பூசணிக்காய் பருமனில், வாழைப்பூவின் உள்மடல் நிறத்தில், சத்தம் இல்லாமல், அசையாமல், பனைமரத்துக்குப் பத்து மடங்கு உயரத்தில் அது பாட்டுக்கு நின்றது. கூரைவெள்ளி என்று ஒன்று உண்டு என்பதும், என்றைக்காவது அது ஒரு கூரையைத் தேடிக்கொண்டு வரும் என்பதும் அந்த ஊரில் தொட்டில் பிள்ளைக்கும் தெரிந்த சங்கதி. தாலாட்டிலேயே வருகிறதே:

கூரை தேடி வருமாம் கூரைவெள்ளி - அது
குந்துற வீடு எந்த வீடோ கண்ணே.

தாலாட்டு அவ்வளவுதான் சொல்லும், அதற்குள் பிள்ளை தூங்கிவிடும். மிச்சப் பாட்டு ஒப்பாரியில் இருக்கிறது. அதுவும் எல்லாச் சாவுக்கும் பாடுகிற ஒப்பாரி இல்லை, அநியாயமாய்ச் செத்தவனுக்கு மட்டும், அதுவும் பாடை தெருமுனை தாண்டினபிறகு பாடுவது. அந்த நேரம் ஆம்பிளைகள் எல்லாரும் சுடுகாட்டுக்குப் போயிருப்பார்கள், பொம்பளைகள் வீடு கழுவவும் குளிக்கவும் கலைந்திருப்பார்கள், பாடுகிறவளும் செத்தவனைப் பெற்றவளோ உடன்பிறந்தவளோ மட்டும்தான் மிச்சம் இருப்பார்கள். ஆகையால் ஊரில் ஆம்பிளை ஒருத்தன்கூட அந்த வரிகளைக் காதால் கேட்டதில்லை. அளத்தங்கரையில் அதைப் பாடத் தெரிந்தவர்கள் இரண்டே பேர். ஒருத்தி வெயிலுகந்தாள், இன்னொருத்தி முப்பிடாதி.

முப்பிடாதி அன்றைக்கு அளத்து வரப்பில் உப்பு வாருகிற பலகையைக் கழுவிக்கொண்டிருந்தாள். நிமிர்ந்து, வெள்ளி எந்தக் கூரைக்கு மேலே நிற்கிறது என்று பார்த்தாள். அவளுக்கு வந்தது பயம் இல்லை, சந்தோஷம். வயிற்றில் இருந்து கிளம்பித் தொண்டைவரைக்கும் வந்த சுத்தமான சந்தோஷம். "கண்ணு, பாத்தியால. ஒனக்காகத்தான் வந்திருக்கு" என்று செத்துப்போன தம்பியிடம் சொன்னாள்.

சுடலைக்கண்ணு அவள் வளர்த்த தம்பி. தாயும் தகப்பனும் போனபிறகு இவள் சோறூட்டி ஆளாக்கியவன், முதலாளியின் அளத்தில் கிணற்று மோட்டாரைப் பார்த்துக்கொண்டிருந்தான். உப்புக்காற்றில் ஒயர் எல்லாம் தோல் உரிந்து கிடந்தது. தொட்டால் பிடித்து இழுக்கிறது, மாற்றிக் கொடுங்கள் என்று முதலாளியிடம் சொன்னான். நின்றுகொண்டு சொன்னான், கும்பிட்டுச் சொன்னான், கடைசியில் ஒருநாள் நான் கிணற்றில் இறங்கமாட்டேன் என்று கரையில் உட்கார்ந்துவிட்டான். முதலாளி குடையைப் பிடித்துக்கொண்டு வந்து பார்த்தார். "நீ எறங்கலைன்னா நாளையிலேருந்து ஒங்க அக்காளுக்கும் இங்க வேலை கெடையாதுல" என்றார். இறங்கினான், திரும்பி ஏறவில்லை.

அதற்குப் பிறகு நடந்தது அதைவிடக் கேவலம். செத்துக்கிடந்தவன் வாயில் சாராயத்தை ஊற்றி, சட்டையில் தெளித்து, பாட்டிலைப் பக்கத்தில் போட்டார்கள். குடித்துவிட்டுக் கிணற்றில் விழுந்தான் என்று முதலாளி சொன்னார். விசாரிக்க வந்த போலீஸ்காரர்களிடம், அன்றைக்குக் கரையில் வேலை பார்த்த அத்தனை பேரும், கண்ணு உரிந்த ஒயரைக் காட்டிக் காட்டிப் பேசியதைக் காதால் கேட்ட அத்தனை பேரும், ஆமா சார், குடிச்சிருந்தான் சார் என்று தலையை ஆட்டினார்கள். அளத்து வேலை போனால் அடுப்பு எரியாது, அது முப்பிடாதிக்குப் புரியாமல் இல்லை. ஆனால் அதோடு விட்டார்களா? பொய்யைச் சொன்னவர்களுக்கு அதை நம்பினால்தான் நிம்மதி என்று ஆகிவிட்டது. "சுடலைக்கண்ணு மாதிரி குடிச்சுச் சாவணுமால ஒனக்கு" என்று பெற்றவள் பிள்ளையைத் திட்டுகிற அளவுக்கு, சாராயவாடையே பிடிக்காத ஒருத்தன் பெயர் அந்த ஊரில் குடிகாரனுக்கு மறுபெயராகிவிட்டது. முப்பிடாதி தெருக்குழாயில் தண்ணீர் பிடிக்கும்போது அதைக் கேட்பாள். கேட்டுக்கொண்டே குடத்தைத் தூக்குவாள்.

அவள் கேட்டது ஒன்றே ஒன்றுதான். அந்த ஆள், அதே வாயால், ஊர் கேட்கச் சொல்லவேண்டும்: கண்ணு குடிக்கவில்லை, நான்தான் இறக்கிவிட்டேன் என்று. தூக்குமேடை வேண்டாம், ஜெயில் வேண்டாம், நஷ்டஈடு வேண்டாம். அந்தச் சொல் வேண்டும்.

அதனால் வெள்ளி வந்துவிட்டது, இனி ஊர் கேட்கும், 'என்ன முதலாளி, எந்தப் பாவத்தை ஒளிச்சு வெச்சிருக்கிய' என்று நாலு பேர் போய்க் கேட்பார்கள் என்று அவள் காத்திருந்தாள். இவள் ஒரு பைத்தியக்காரி. ஊருக்குத் தெரிந்தது தாலாட்டு மட்டும்தானே. வெள்ளி தேடி வந்த வீடு என்றால் பெரிய வீடு, வெள்ளி தேடி வந்த ஆள் என்றால் புண்ணியவான் என்று மறுநாள் காலையிலேயே ஊர் முடிவுகட்டிவிட்டது. தேங்காயும் பழமும் வைத்த தட்டோடு ஜனம் முதலாளி வீட்டுக்குப் போனது. அந்த வெளிச்சம் மற்றவர்கள்மேல் நிலா வெளிச்சம் மாதிரி குளுமையாகத்தான் விழுந்தது. முற்றத்தில் பிள்ளைகளைக் கிடத்தினால் சிரங்கு ஆறுகிறது என்றார்கள். கல்யாணப் பத்திரிகையில் குலதெய்வத்துக்குக் கீழே 'கூரைவெள்ளியின் நல்லாசியுடன்' என்று ஒரு வரி ஏறியது. ஜோசியர் ஒன்பது கிரகத்தோடு பத்தாவதாக இதையும் சேர்த்துக் கணிக்கப் பழகிக்கொண்டார். பஸ்காரர்கள் 'வெள்ளி ஸ்டாப் எல்லாம் எறங்கு' என்று கூவினார்கள். பட்டணத்தில் இருந்து கண்ணாடிக் குழாயும் பெட்டியுமாக மூன்று விஞ்ஞானிகள் வந்து, அண்ணாந்து பார்த்து, ஏதோ அளந்து, முதலாளி வீட்டு இளநீரைக் குடித்துவிட்டு, பார்த்தது எதுவும் தங்கள் கணக்கில் வராது என்று சொல்லிவிட்டுப் போனார்கள். சேவல்களுக்குத்தான் எப்போது கூவுவது என்று தெரியவில்லை, நினைத்த நேரத்துக்கெல்லாம் கூவின.

முதலாளியும் லேசுப்பட்டவரா? இருட்டினபிறகும் பாத்தியில் உப்பு தெரிகிறதே, விளக்குச் செலவு மிச்சமே என்று உப்பு வாருகிற வேலையை இரவிலும் வைத்தார். தம்பியைக் கொன்றவனைக் காட்டிக்கொடுக்க வந்த வெளிச்சத்தில் தம்பியைக் கொன்றவனுக்கு உப்பு வாரினாள் முப்பிடாதி. வாரும்போதே அழுதாள், ஆத்திரத்தில் அழுதாள். இது என்ன நியாயம், என்ன வெள்ளி இது, எரிக்கத் தெரியாவிட்டால் எதற்கு வந்தாய் என்று அண்ணாந்து பார்த்து அதையும் திட்டினாள்.

அப்போதுதான் நயினார் பேனர் வைத்தார். ஆறுமுகநயினார் என்பது முழுப்பெயர். ஃபிளக்ஸ் போர்டு அடிக்கிற கடை வைத்திருந்தார், ஊர் நற்பணி மன்றத்துக்குத் தலைவர், யாருக்காவது ஒரு பட்டம் கொடுக்காமல் அவருக்குச் சோறு இறங்காது. முச்சந்தியில் ஆள் உயரத்துக்கு மூன்று மடங்காக அவர் நிறுத்திய பேனரில் முதலாளி கையெடுத்துக் கும்பிட்டுக்கொண்டிருந்தார், தலைக்குப் பின்னால் வெள்ளி, காலடியில் 'விண்மீன் தேடி வந்த குணக்குன்றே' என்று எழுத்து. பேனரைக் கட்டி முடித்து, தப்படித்து, எல்லாரும் ஒருதடவை அந்த வரியைச் சேர்ந்து சொன்னார்கள். அந்தப் பக்கமாகப் போய்க்கொண்டிருந்த முப்பிடாதி, ஊர் வாயில் அந்தப் புகழ்ச்சி வந்த நேரத்தில் தற்செயலாக மேலே பார்த்தாள். வெள்ளி ஒரு சாண் கீழே வந்தது. கிணற்றுக்குள் வாளி விடுகிற மாதிரி நிதானமாக வந்து நின்றது.

மறுநாள் காலை பாத்தியில் வெயிலுகந்தாளுக்குப் பக்கத்தில் போய் நின்றாள்.

"மைனி, கூரைவெள்ளிப் பாட்டுல மிச்ச வரி என்ன?"

வெயிலுகந்தாள் பலகையை நிறுத்தவில்லை. "ஏன், ஒனக்குத் தெரியாதா?"

"தெரியும். ஒங்க வாயால கேக்கணும்."

வெயிலுகந்தாள் சுற்றும்முற்றும் பார்த்துவிட்டு, ராகம் இல்லாமல், பேச்சுப்போலச் சொன்னாள்:

"ஒளிச்ச பழிமேல வந்து குந்துமாம் - அவன்
பேரைப் புகழப் புகழ எறங்குமாம்;
வாய்விட்டுச் சொன்னா வானம் ஏறுமாம்
வாய்மூடிப் போனா வந்து அள்ளுமாம்."

"புகழப் புகழ எறங்குமாம்," என்றாள் முப்பிடாதி. "இத்தனை வருசமா இந்த வரியை எதுகைக்குப் போட்டிருக்காங்கன்னுதானே மைனி நெனச்சிருந்தேன்."

"நானும் அப்பிடித்தான் நெனச்சேன். நேத்து நானும்தான் பாத்தேன், எறங்குனதை." வெயிலுகந்தாளின் மகளை, வயிற்றுப்பிள்ளையோடு இருந்தவளை, மயங்கி விழும்வரை இதே பாத்தியில் நிற்கவைத்தவர் முதலாளி, பிள்ளை தங்கவில்லை. அவள் பலகையை ஊன்றிக்கொண்டு முப்பிடாதியின் முகத்தைப் பார்த்தாள். "என்ன செய்யப்போற?"

"புகழப்போறேன்," என்றாள் முப்பிடாதி.

அதுவரைக்கும் அளத்தங்கரை பார்க்காத புகழ்ச்சி அன்றைக்குத் தொடங்கியது. முதலில் டீக்கடையில், போகிறபோக்கில், நம்ம முதலாளி மாதிரி ஒரு தங்கமான மனுசனை ஏழு கடல் தாண்டினாலும் பார்க்கமுடியாது என்று சொல்லிவிட்டுப் போனாள். பிறகு தெருக்குழாயில், பிறகு ரேஷன் கடை வரிசையில், பிறகு அம்மன் கோயில் கொடைவிழாவில் மைக்கை வாங்கி. ஒப்பாரி பாடிப் பழகிய குரல் அது. செத்தவன் கறுப்பாக இருந்தாலும் சந்தனக்கட்டையே என்று பாடுகிற குரல், கஞ்சனாக இருந்தாலும் கர்ணனே என்று பாடுகிற குரல். புகழ்வதற்கு அவளுக்கு யாரும் சொல்லிக்கொடுக்கவேண்டியதில்லை. தங்கத் தேரே, தருமத் தூணே, தாகத்துக்குத் தண்ணிப்பந்தலே, ஏழைக்கு நிழல் தந்த ஆலமரமே என்று அவள் அடுக்க அடுக்க ஜனத்துக்குக் கண் கலங்கியது. கலங்கியதற்குக் காரணம் வேறு. தம்பியைப் பறிகொடுத்தவளே வாய்நிறையப் புகழுகிறாள் என்றால் நாம் அன்றைக்குச் சொன்ன பொய் பெரிய பொய் இல்லை போலிருக்கிறது என்று ஒவ்வொருத்தனுக்கும் நெஞ்சில் கிடந்த கல் இறங்கியது. அந்தச் சுகத்துக்காகவே அவளைத் திரும்பத் திரும்பப் பேசச் சொன்னார்கள். "பழசை மனசுல வெச்சுக்காத பொம்பளை" என்று அவளுக்கும் ஒரு பெயர் கிடைத்தது. அவர்களை அவள் வெறுத்த வெறுப்பு சொல்லி மாளாது. சிரித்துக்கொண்டே அடுத்த வரியை எடுத்துவிட்டாள்.

ஒவ்வொரு வரிக்கும் வெள்ளி இறங்கியது. பனைமரத்துக்குப் பத்து மடங்கு உயரம் என்பது ஐந்து மடங்காயிற்று, பிறகு இரண்டு மடங்காயிற்று. நம்மை நெருங்கி வருகிறது பாருங்கள் என்று ஊர் பூரித்துப்போனது.

சூடு யாருக்கும் தெரியவில்லை, முதலாளி ஒருத்தருக்கு மட்டும் தெரிந்தது. எந்தக் கூரைக்குக் கீழே இருந்தாலும் அவர் உச்சந்தலை கொதித்தது. வேலைக்காரி குளிரக் குளிரக் கொண்டுவந்த மோர் அவர் கைக்கு வந்ததும் ஆவி பறந்தது. ஃபேனுக்குக் கீழே படுத்தால் அனல், தண்ணீர்த்தொட்டிக்குள் உட்கார்ந்தால் வெந்நீர். மனைவி காலமாகி வருஷங்கள் ஆகிவிட்டன, மகன்கள் வெளிநாட்டில், யாரிடம் சொல்ல? மைத்துனர் வீட்டில் போய் இருக்கலாம் என்று காரில் கிளம்பினார். வெள்ளி காருக்கு மேலேயே கூட வந்தது. மைத்துனர் ஊரில் மேளதாளத்தோடு வரவேற்பு கொடுத்து, 'அண்ணல் வருகவே' என்று அங்கேயும் ஒரு பேனர் வைத்துவிட்டார்கள். அன்றைக்கே திரும்பினார்.

எப்போது சுடுகிறது என்று கவனித்துக் கவனித்து, புகழும்போதுதான் சுடுகிறது என்பதை அவரும் கண்டுபிடித்துவிட்டார். ஆள் கெட்டிக்காரர். ஊரைக் கூட்டி, இனி யாரும் என்னைப் புகழக்கூடாது என்றார். "தன்னடக்கத்தைப் பாத்தியளா" என்று கூட்டம் உருகியது. மேலே வெள்ளி ஒரு முழம் இறங்கியது. சரி, திட்டு வாங்குவோம் என்று கூலியைக் குறைத்தார், டீக்கடைப் பெஞ்சை எட்டி உதைத்தார், கணக்குப்பிள்ளையை நடுத்தெருவில் வைத்துச் செருப்பால் அடித்தார். "பெரிய மனுசன்னா கோவம் வரத்தான் செய்யும், கோவம் இருக்குற எடத்துலதான் கொணம் இருக்கும்" என்று அடிவாங்கிய கணக்குப்பிள்ளையே சொன்னார். இன்னொரு முழம் இறங்கியது. புகழ்வதற்குப் பழகிய ஊரை நிறுத்துவது அவ்வளவு லேசான காரியமா என்ன?

கடைசியில் ஒருநாள் மத்தியானம் முப்பிடாதியைக் கூப்பிட்டு ஆள் அனுப்பினார். அவள் போனபோது கூரை இல்லாத கொல்லையில், வாழைமரத்தடியில், தலையில் ஈரத்துண்டைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார். துண்டில் இருந்து ஆவி வந்துகொண்டிருந்தது. ஆள் பாதியாக இளைத்துப்போயிருந்தார்.

"நீதானே ஆரம்பிச்சு விட்டே," என்றார்.

"ஆரம்பிச்சது நயினாரு. நான் கூடச் சேந்துக்கிட்டேன்."

"என்ன கெட்ட எண்ணம் ஒனக்கு?"

"முதலாளி, நான் ஒங்களை நல்லதுதானே சொல்லுதேன். தங்கத் தேருன்னேன், தருமத் தூணுன்னேன். இதுல என்ன கெட்டதைக் கண்டிய?"

அவள் சொல்லிக்கொண்டிருக்கும்போதே அவர் இரண்டு கையாலும் தலையை மூடிக்கொண்டார். பிறகு குரலைத் தாழ்த்தி, "இது எப்பிடிப் போகும்னு ஒனக்குத் தெரியும். சொல்லு. என்ன வேணும்னாலும் செய்யுதேன். வீடு கட்டித் தாரேன்" என்றார்.

"வீடு வேண்டாம். என் தம்பி குடிச்சானா?"

வாழையிலை அசைந்தது. முதலாளி வேலிப்பக்கம் பார்த்தார், யாரும் இல்லை. "குடிக்கலை," என்றார். "நான்தான் எறங்கச் சொன்னேன். போதுமா?"

வெள்ளி அசையவில்லை. இரண்டு பேரும் பார்த்தார்கள்.

"எங்கிட்டச் சொன்னா எப்பிடி ஏறும்? எனக்குத்தான் தெரியுமே," என்றாள் முப்பிடாதி. "ஊருகிட்ட ஒளிச்சிய, ஊருகிட்டச் சொல்லுங்க. ஞாயித்துக்கெழமை நயினாரு ஒங்களுக்குப் பாராட்டு விழா வெச்சிருக்காரு. மைக்கு இருக்கும்."

"மைக்குல சொன்னா நான் ஜெயிலுக்குல்லா போவேன்."

"அங்கயும் கூரை இருக்கும்," என்று சொல்லிவிட்டு அவள் அளத்துக்குத் திரும்பினாள்.

விழாவுக்கு வரமாட்டேன் என்றுதான் முதலாளி கதவைப் பூட்டிக்கொண்டார். விடுவார்களா? நாதசுரத்தோடு வந்து, கதவைத் தட்டித் திறக்கவைத்து, திறந்த ஜீப்பில் ஏற்றி, பூவைத் தூவிக்கொண்டே பள்ளிக்கூட மைதானத்துக்குக் கொண்டுவந்தார்கள். மேடைக்குச் சாமியானா போட்டிருந்தது. அதுவும் கூரைதானே, அதற்கு மேலே, தென்னை மட்டை உயரத்தில், வெள்ளி வந்து நின்றுகொண்டது. சாயங்காலம் ஐந்து மணி வெயிலிலும் அந்த வெளிச்சத்தால் மைதானத்தில் யாருக்கும் நிழல் இல்லை. அளத்தங்கரை மொத்தமும் வந்திருந்தது, சுற்றுப்பட்டு ஊர்களில் இருந்தும் வந்திருந்தார்கள், பஜ்ஜிக்கடை போட்டிருந்தார்கள், பலூன் விற்றார்கள். முன்வரிசையில் உப்பள முதலாளிகள் சங்கத்து ஆட்களும், பாதுகாப்புக்கு வந்த போலீஸ்காரர்களும் உட்கார்ந்திருந்தார்கள்.

நயினார் முதலில் பேசினார். உப்பு வேந்தர் என்று ஒரு பட்டம் கொடுத்தார், போதாது என்று வெள்ளி கொண்டான் என்று இன்னொன்றும் கொடுத்தார். வந்தவர்கள் எல்லாம் வரிசையில் ஏறிப் பொன்னாடை போர்த்தினார்கள். ஒன்றின்மேல் ஒன்றாக, ஜரிகை ஜரிகையாக, முதலாளியின் மூக்கும் கண்ணும் மட்டும் வெளியே தெரிந்தன. ஒவ்வொரு ஆடைக்கும் ஒரு வார்த்தை. சாமியானாவுக்குக் கீழே வேறு யாருக்கும் சுடவில்லை, அவருக்கு மட்டும் அது அடுப்பாக இருந்தது. பிறகு முப்பிடாதியைக் கூப்பிட்டார்கள்.

அவள் செருப்பைக் கழற்றிவிட்டு மேடை ஏறி, மைக்கைக் கையில் வாங்கி, முதலாளியைப் பார்த்தபடியே தொடங்கினாள். முதல் வரியில் வணக்கம் சொன்னாள். இரண்டாவது வரியில் இருந்து ராகம் ஒப்பாரிக்குப் போய்விட்டது. பட்டு விரிச்ச மெத்தையிலே படுத்திருக்கும் ராசாவே, ஊருக்கு ஒளி கொடுக்க ஒத்தையிலே வந்தவரே, உம்மைப் போல ஒருத்தரை இனி எங்கே காணப்போறோம் என்று அவள் நீட்டி இழுத்துப் பாடியபோது ஜனம் விம்மியது, அது செத்தவனுக்குப் பாடுகிற பாட்டு என்பது ஒருத்தருக்கும் உறைக்கவில்லை. வெயிலுகந்தாள் கீழே நின்று, ஆமா ஆமா என்று பின்பாட்டுக் கொடுத்தாள். மேடையில் இருந்தவர்களில் முதலாளிக்கு மட்டும் அது என்ன பாட்டு என்று விளங்கிவிட்டது. வெள்ளி சாமியானாவைத் தொட்டது. துணியைக் கிழிக்காமல் துணிக்கு உள்ளே வந்தது. அவர் தலைக்கு மேலே ஒரு கை நீளத்தில் நின்றது.

முதலாளி எழுந்து, பொன்னாடைகளை உதறிவிட்டு, தடுக்கி விழுந்து, தவழ்ந்து வந்து அவள் கையில் இருந்த மைக்கைப் பிடுங்கினார்.

"சுடலைக்கண்ணு குடிக்கலை," என்றார். ஸ்பீக்கர் நாலு திசையிலும் அதைச் சொல்லியது. "அவன் ஒரு சொட்டுக்கூடக் குடிக்கலை. ஒயரு பிஞ்சிருந்துச்சு. எனக்குத் தெரியும். எறங்கமாட்டேன்னான். நான்தான் எறக்கிவிட்டேன். செத்தபெறகு நான்தான் சாராயத்தை ஊத்தச் சொன்னேன். ஒங்களைப் பொய் சொல்லச் சொன்னதும் நான்தான். அவன் நல்ல பையன். நான்தான் கொன்னேன்."

மைதானத்தில் பஜ்ஜி பொரிகிற சத்தம் மட்டும் கேட்டது. வெள்ளி ஏறியது. சாமியானாவை விட்டு, தென்னையை விட்டு, பனையை விட்டு விறுவிறுவென்று ஏறியது. முதலாளி வாயைத் திறந்து காற்றைக் குடித்தார். எத்தனையோ நாளுக்குப் பிறகு அவர் உடம்பில் குளிர்ந்த காற்றுப் பட்டது.

முப்பிடாதி மேடையிலேயே உட்கார்ந்துவிட்டாள். கேட்டுவிட்டாள். அந்த வாயால், ஊர் கேட்க, அந்தச் சொல்லைக் கேட்டுவிட்டாள். அழுகை பொத்துக்கொண்டு வந்தது. இனி தெருக்குழாயில் தலைநிமிர்ந்து நிற்கலாம், தம்பி பெயரைச் சத்தமாகச் சொல்லலாம், போதும், இந்த ஆளை இத்தோடு விட்டுவிடலாம் என்றுகூட நினைத்தாள். சத்தியமாக நினைத்தாள். கூட்டத்தைப் பார்த்தாள். யாராவது ஒருத்தர் எழுந்து, ஆமா, நாங்களும் பொய் சொன்னோம் என்று சொல்வார்கள். யாராவது ஒருத்தர் கண்ணு என்று அவன் பெயரைச் சொல்வார்கள் என்று பார்த்தாள்.

நயினார்தான் எழுந்தார். கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொண்டு இன்னொரு மைக்குக்குப் போனார். "அடடா, என்ன மனசு," என்றார். "தன் தப்பைத் தானே ஒத்துக்கிடுத துணிச்சல் இந்த உலகத்துல எத்தனை பேருக்கு வரும்? இந்த உத்தமருக்கு வந்திருக்கு. உண்மையின் உறைவிடம் நம்ம முதலாளி."

ஒருத்தன் கை தட்டினான். பிறகு ஒரு வரிசை தட்டியது. சங்கத்து ஆட்கள் தட்டினார்கள், கணக்குப்பிள்ளை தட்டினார், முன்வரிசையில் இருந்த போலீஸ்காரர்கூடத் தொப்பியைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு தட்டினார். உத்தமர், உத்தமர் என்று ஒரு குரல் கிளம்பிக் கூட்டம் முழுக்கப் பரவியது. கொலைகாரன் என்று ஒரு வாய் சொல்லவில்லை. கண்ணு என்று ஒரு வாய் சொல்லவில்லை.

மேலே ஏறிக்கொண்டிருந்த வெள்ளி நின்றது. திரும்பியது. இறங்கத் தொடங்கியது, இந்தத் தடவை சாண் சாணாக இல்லை.

முதலாளி அண்ணாந்து பார்த்தார். பிறகு அவளைப் பார்த்தார். "முப்பிடாதி," என்றார், "நான் சொல்லிட்டேன்லா. நீ கேட்டதைச் சொல்லிட்டேன்லா. நிப்பாட்டச் சொல்லு. நீ சொன்னா கேப்பாங்க."

அது உண்மைதான், அவள் சொன்னால் கேட்பார்கள். ஒரு சொல் போதும். அவள் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள். எதிரே அத்தனை கைகளையும் பார்த்தாள். குடிச்சிருந்தான் சார் என்று சொன்ன வாய்களையும் பார்த்தாள். அவர் கையில் இருந்த மைக்கை மெதுவாக, ஒரு பிள்ளையிடம் இருந்து வாங்குகிற மாதிரி, வாங்கிக்கொண்டாள். நெஞ்சுக்குள் இரக்கம் என்று ஏதாவது மிச்சம் இருக்கிறதா என்று தேடிப்பார்த்தாள். இல்லை. இல்லாததில் அவளுக்கு வருத்தமும் இல்லை.

"உக்காந்துக்கிட்டுத் தட்டுனா முதலாளிக்கு மரியாதையா?" என்றாள். "எல்லாரும் எந்திரிச்சு நின்னு தட்டுங்க."

ஊர் எழுந்து நின்றது. பின்வரிசையில் இருந்தவர்கள் மேடை மறைக்கிறது என்று நாற்காலிமேல் ஏறி நின்று தட்டினார்கள்.